மழவரையர் மகளார் எழுதிவைத்த சுவர்



இந்த மாதம் வந்த கடிதங்களில் ஒன்றை மட்டும் கோப்பில் சேர்க்காமல் மேசை மேலேயே வைத்திருக்கிறேன். நம் பழுப்பு நிலக்கரி நகரியத்துப் பள்ளியில் படித்து, இப்போது வரலாற்றில் முதுகலை முடிக்கப்போகும் ஒரு பெண் எழுதியது. மறுமலர்ச்சிக் கால ஐரோப்பாவின் அரசவைகளில் செல்வாக்கோடு இருந்த பெண்களைப் பற்றி ஆராய வேண்டும் என்பது அவர் ஆசை. வீட்டில் தடை ஏதும் இல்லை. ஆனால் வருகிறவர் போகிறவரெல்லாம், "அதைப் படிச்சு என்னம்மா செய்யப்போறே?" என்று கேட்கிறார்களாம். கடிதத்தின் கடைசியில் அவரே ஒரு கேள்வி கேட்டிருக்கிறார்: "நம்ம பக்கத்தில் அப்படிப்பட்ட பெண்கள் இருந்தார்களா? இருந்திருந்தால், அவர்களைத் தெரிந்துகொள்ள ஏதாவது மிச்சம் இருக்கிறதா?"

வருகிறவர் போகிறவர் கேள்வியை விட்டுவிடுவோம். இவருடைய கேள்விக்குத்தான் இந்தப் பக்கம் முழுவதும்.

அவர் ஆராய விரும்பும் பெண்களிலிருந்தே தொடங்குகிறேன். இத்தாலியில் மாந்துவா என்றொரு சிறிய அரசு. அதன் தலைவி இசபெல்லா தெஸ்தே, 1474இல் பிறந்து 1539இல் மறைந்தவர். 1509இல் கணவரை வெனிஸ் படை சிறைபிடித்தபோது அரசை நடத்தியவர் இவர்தான். இவர் அனுப்பிய கடிதங்களில் 16,000 அளவுக்கு மாந்துவாவின் ஆவணக்காப்பகத்தில் இன்றும் இருக்கின்றன. ஓவியரிடம் கேட்டது, தூதரிடம் விசாரித்தது, துணிக்கும் வாசனைப் பொருளுக்கும் ஆளனுப்பியது எல்லாமே எழுத்தில் இருக்கிறது. 1529இல் பிரான்சு மன்னரும் பேரரசர் ஐந்தாம் சார்லசும் ஆண்டுக்கணக்கில் போரிட்டுக் களைத்தபோது, காம்பிரே நகரில் உட்கார்ந்து பேசி உடன்படிக்கையை முடித்தவர்கள் இரண்டு பெண்கள். ஒருவர் மன்னரின் தாய் லூயிஸ். மற்றவர் பேரரசரின் அத்தை மார்கரெட். லூயிசின் மறைந்த தம்பிக்கு வாழ்க்கைப்பட்டவர் மார்கரெட். நாத்தனாரும் தம்பி மனைவியும் பேசி நிறுத்திய போர் அது. ஐரோப்பாவில் அதைப் பெண்களின் சமாதானம் என்றே சொல்கிறார்கள்.

அந்தப் பெண்களை ஆராயும் வரலாற்றாசிரியர்களுக்குக் கடிதம் இருக்கிறது, கணக்குப் பேரேடு இருக்கிறது, தூதர் அறிக்கை இருக்கிறது. நம் ஊரில் அதே காலத்திலும் அதற்குப் பிறகும் வாழ்ந்த அரசவைப் பெண்களைத் தேடினாலும் கொஞ்சம் ஏடுகள் கிடைக்கின்றன. காம்பிரே உடன்படிக்கை கையெழுத்தான அதே 1529இல் விஜயநகரத்தில் அச்சுதராயர் பட்டத்துக்கு வந்தார். அவர் அவையில் இருந்த திருமலாம்பா, 'வரதாம்பிகா பரிணயம்' என்ற வடமொழிக் காவியத்தை எழுதினார். தஞ்சையில் ரகுநாத நாயக்கர் அவையில் இராமபத்ராம்பாவும் மதுரவாணியும் கவிஞர்களாக வீற்றிருந்தார்கள். மதுரையில் 1689 முதல் பேரனுக்காக ஆட்சி நடத்திய ராணி மங்கம்மாளை எல்லோருக்கும் தெரியும். இவர்களைப் பற்றித் தனியாக ஓர் இதழே போடலாம். ஆனால் நம் வாசகி "நம்ம பக்கத்தில்" என்று கேட்டிருக்கிறார். நம்ம பக்கம் என்றால் எனக்கு விருத்தாசலம்தான். நகரியத்திலிருந்து ஏறத்தாழ 25 கிலோமீட்டர். பஸ் ஏறினால் ஒரு மணி நேரத்தில் போய்ச் சேரலாம்.

மணிமுத்தாற்றங்கரையில் பழமலைநாதர் கோயில். தேவாரத்தில் திருமுதுகுன்றம் என்று பாடப்பெற்ற தலம். மாசி மகத்துக்கு நம்மில் பாதிப்பேர் போய்வந்திருப்போம். காசிக்கு வீசம் அதிகம் என்று பெரியவர்கள் சொல்லக் கேட்டிருப்போம். அந்தக் கோயிலைக் கல்லில் எடுப்பித்தது யார் என்று கேட்டால் பலருக்கும் பதில் வராது. பதில் அங்கேயே கல்வெட்டாக இருக்கிறது. உத்தம சோழனின் 12ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு அது, 980களின் தொடக்கம். விமானம், திருமஞ்சன மண்டபம், கோபுரம், சுற்றாலை, பரிவார தெய்வங்களின் கோயில்கள் எல்லாவற்றையும் செய்வித்தவர் செம்பியன் மாதேவியார் என்று அது சொல்கிறது. யாருடைய மகள், யாருடைய மனைவி, யாரைப் பெற்றவர் என்பதும் அந்த அம்மையாரின் கல்வெட்டுகளில் வழக்கமாகவே வந்துவிடும். மழவரையர் மகளார். கண்டராதித்த சோழரின் தேவியார். உத்தம சோழரைத் திருவயிறு வாய்த்தவர்.

பெயரைச் சொன்னதும் கல்கியின் 'பொன்னியின் செல்வன்' நினைவுக்கு வரும். அந்த நாவலே நமக்குப் பக்கத்தில் வீராணம் ஏரிக்கரையில்தான் தொடங்குகிறது. திரைப்படமும் வந்த பிறகு, வெள்ளைப் புடவையும் திருநீறுமாக, மகனைச் சிவத்தொண்டில் வளர்க்க நினைத்த ஒரு சாந்தமான பெரியம்மா என்ற உருவம் எல்லோர் மனத்திலும் பதிந்துவிட்டது. நாவல் நாவலாக அழகானது. கல்வெட்டில் தெரியும் அம்மையார் அதைவிடப் பெரியவர் என்பது என் கருத்து.

கணக்குப் போட்டுப் பாருங்கள். கண்டராதித்தர் மறைந்தது 957 வாக்கில். அப்போது மகன் சிறு குழந்தை. பட்டம் கணவரின் தம்பி வழிக்குப் போய்விட்டது. அதன் பிறகு சுந்தர சோழர் ஆட்சி; அவருடைய மூத்த மகன் ஆதித்த கரிகாலன் கொலை; உத்தம சோழர் ஆட்சி; பிறகு இராசராசர். செம்பியன் மாதேவியார் உயிரோடிருந்ததற்கான கடைசிச் சான்றாக அறிஞர்கள் காட்டுவது 1001ஆம் ஆண்டின் திருவக்கரைக் கல்வெட்டை. கைம்பெண்ணாக 44 ஆண்டுகள். கொலையும் வாரிசுச் சிக்கலும் நிறைந்த அரண்மனையில், எந்தக் கிளை ஆட்சிக்கு வந்தாலும் மதிப்புக் குறையாமல் அத்தனை ஆண்டுகள் இருந்திருக்கிறார்.

அதே குடும்பத்தில் இன்னொரு கைம்பெண்ணின் கதையும் நமக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது. சுந்தர சோழர் இறந்தபோது அவர் தேவி வானவன் மாதேவி, பால்குடி மாறாத குழந்தையை விட்டுவிட்டுக் கணவரோடு உயிர் துறந்ததைத் திருக்கோவலூர்க் கல்வெட்டு சொல்கிறது. இராசராசரையும் குந்தவையையும் பெற்ற தாய் அவர். ஒரே அரண்மனை, ஒருவர் தீயோடு போனார், ஒருவர் இருந்து கோயில் கோயிலாகக் கல்லில் எடுத்தார். வானவன் மாதேவிக்கு என்ன நேர்ந்தது, அது அவர் விருப்பமா, சுற்றியிருந்தவர்களின் விருப்பமா என்பதைக் கல்வெட்டு நமக்குச் சொல்லாது. புகழ்ச்சியாகத்தான் எழுதியிருக்கிறார்கள். அந்தப் புகழ்ச்சியைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்தக் குழந்தையின் நினைப்புத்தான் வருகிறது.

செம்பியன் மாதேவியாரின் காலம்வரை கோயில்களில் பல செங்கல் தளிகள். அவற்றைப் பிரித்துக் கற்றளியாக்கினார்: திருநல்லம் என்ற கோனேரிராசபுரம், தென்குரங்காடுதுறை, திருக்கோடிக்காவல், திருவாரூர் அரநெறி, ஆனாங்கூர், நம் திருமுதுகுன்றம். பட்டியல் இன்னும் நீளும். சுவரில் தேவகோட்டங்கள் பெருகி, ஆடவல்லானுக்குக் கோட்டத்தில் நிலையான இடம் கிடைத்ததும் இந்தக் கோயில்களின் வழியாகத்தான். சோழர்களின் தெய்வமாக நடராசர் உயர்ந்ததில் இந்த அம்மையாரின் பங்கைக் கலை வரலாற்றாசிரியர் வித்யா தெஹேஜியா அழுத்தமாக எடுத்துச் சொல்லியிருக்கிறார். நம் நகரியத்துக் கோயிலில் அவ்வளவு பெரிய ஐம்பொன் நடராசரைக் கும்பிடுகிற நமக்கு இந்தச் செய்தி அந்நியமாக இருக்காது.

இவை எல்லாவற்றையும்விட என்னை அசைத்தது திருக்கோடிக்காவலில் அவர் செய்த ஒரு காரியம். பழைய கோயிலைப் பிரித்துக் கற்றளி எடுக்கும்போது, அங்கே பல்லவர் காலத்திலிருந்து எழுத்து வெட்டிய கற்கள் பல கிடந்தன. யாரோ விளக்குக்குப் பொன் கொடுத்தது, யாரோ நிலம் விட்டது. வேறு யாராக இருந்தாலும் அந்தக் கற்களை அடித்தளத்தில் போட்டு நிரவியிருப்பார்கள். பிற்காலத் திருப்பணிகளில் அப்படி நடந்ததற்குக் கணக்கே இல்லை. இவர் அவற்றைப் படிக்கச் சொன்னார். புதிய சுவரில் ஒவ்வொன்றையும் திரும்ப வெட்டச் செய்தார். வெட்டியவர்கள் அது பழைய கல்லைப் பார்த்து எழுதிய படி என்ற குறிப்பையும் சேர்த்தே வெட்டினார்கள். மூலம் எது, நகல் எது என்று பின்னால் வருகிறவன் குழம்பக்கூடாது என்ற அக்கறை அது. அந்தத் தானங்கள் அவருடைய குடும்பத்தார் கொடுத்தவை மட்டுமல்ல. சோழர் தலையெடுக்கும் முன்பு நாட்டை ஆண்டவர்களின் காலத்துத் தானங்களும் அதில் உண்டு. அவற்றையும் அழியவிடவில்லை.

தெர்மல் மின்நிலையத்தில் வேலை பார்க்கிற வாசகர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். ஷிப்ட் முடித்துப் போகிறவர் லாக் புக்கில் எழுதிவைத்தால்தான் அடுத்த ஷிப்டுக்கு வருகிறவருக்கு எந்த வால்வு திறந்திருக்கிறது, எந்த மோட்டார் ரிப்பேரில் இருக்கிறது என்பது தெரியும். கோயில் சுவர் அந்த ஊருக்கு அப்படிப்பட்ட ஏடு. எந்த நிலத்தின் நெல் எந்த விளக்குக்கு, எத்தனை ஆடு யார் பொறுப்பில், நெய் எவ்வளவு அளக்க வேண்டும் என்பதெல்லாம் அதில்தான் இருக்கும். ஒரு நுந்தா விளக்குக்கு 90 அல்லது 96 ஆடு என்பது அந்தக் காலத்துக் கணக்கு. ஆடு சாகலாம், குட்டி போடலாம், மேய்ப்பவர் மாறலாம், விளக்கு அணையக்கூடாது. சுவர் போனால் கணக்குப் போகும், கணக்குப் போனால் விளக்கும் போகும். அது தெரிந்தவர் செம்பியன் மாதேவியார். பக்தி இருந்தது, சந்தேகமில்லை. கணவர் கண்டராதித்தர் தில்லையைப் பற்றிப் பாடிய பதிகம் ஒன்பதாம் திருமுறையில் இருக்கிறது. ஆனால் பக்தி மட்டும் போதாது, எழுத்தும் வேண்டும் என்று நினைத்த மனம் ஒரு நிர்வாகியின் மனம். அந்த மனத்தைப் பற்றி நாம் பேசுவதே இல்லை.

கோனேரிராசபுரத்துக்குப் போகிறவர்கள் இன்னொன்றையும் பார்த்து வாருங்கள். கண்டராதித்தர் இலிங்கத்தை வழிபடும் சிற்பம் அங்கே சுவரில் இருக்கிறது. கணவர் பெயரால் இந்தக் கற்றளியை மாதேவியார் எடுப்பித்த செய்தியும் கூடவே வெட்டப்பட்டிருக்கிறது. அந்தக் கோயிலைக் கட்டிய ஆலத்தூருடையான் சாத்தன் குணபத்தன் என்பவரின் பெயரும் கல்வெட்டில் உண்டு. அவருக்குப் பட்டம் கொடுத்ததும் உண்டு. ஆயிரம் ஆண்டுக்கு முன் ஓர் அரசி, தனக்கு வேலை செய்த பொறியாளரின் ஊரையும் பேரையும் கல்லில் ஏற்றியிருக்கிறார். பொறியாளர்கள் நிறைந்த இந்த ஊரில் இதைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை.

இவரை அடுத்து குந்தவையார். இராசராசருக்கு அக்கா, வல்லவரையர் வந்தியதேவரின் தேவி. தஞ்சைப் பெரிய கோயிலில் இராசராசர் தம் 26ஆம் ஆட்சியாண்டில் இட்ட ஆணை ஒன்று இருக்கிறது. தாம் கொடுத்தது, அக்கா கொடுத்தது, தம் பெண்டிர் கொடுத்தது, மற்றவர்கள் கொடுத்தது எல்லாவற்றையும் கல்லில் வெட்டுங்கள் என்கிறார். தமக்கு அடுத்த இடத்தை அக்காவுக்குக் கொடுத்திருக்கிறார். அக்காவின் கல்வெட்டைப் படித்தால் அந்த இடம் பாசத்தால் மட்டும் வந்ததல்ல என்பது விளங்கும். தம் தந்தைக்கும், தீயில் புகுந்த தாய்க்கும் குந்தவையார் திருமேனிகள் செய்துவைத்தார். பொன்னை ஆடவல்லான் என்ற எடைக்கல்லால் நிறுத்துக் கணக்கு எழுதச் செய்தார். வழிபாட்டுச் செலவுக்குப் பணத்தை ஊர்ச் சபைகளிடம் வட்டிக்கு விட்டார். ஒரு காசுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு. இன்றைய கணக்கில் 12.5 சதவீதம். முதலைத் தொடக்கூடாது, வட்டியில் செலவு நடக்க வேண்டும். இவற்றை அந்தந்தச் சபையின் பெயரோடு கல்லில் ஏற்றினார். திண்டிவனம் பக்கத்துத் தாதாபுரத்தில் சிவனுக்கு ஒன்று, திருமாலுக்கு ஒன்று, சமணருக்கு ஒன்று என்று ஒரே ஊரில் மூன்று கோயில்கள் எடுப்பித்தவரும் இவரே.

நம் மாவட்டத்திலேயே இன்னும் உண்டு. கடலூருக்கும் பரங்கிப்பேட்டைக்கும் நடுவே கடலோரம் தியாகவல்லி என்றொரு ஊர். முதல் குலோத்துங்கனின் தேவி தியாகவல்லியின் பெயரைத் தாங்கிய ஊர் அது. அந்தக் குலோத்துங்கனின் தங்கை இன்னொரு குந்தவை. சிதம்பரத்துக் கோயிலுக்குப் பொன் வேய்ந்ததை அங்குள்ள கல்வெட்டு சொல்கிறது. கம்போச நாட்டரசர் அனுப்பிய அரிய கல் ஒன்று கோயிலில் பதிக்கப்பட்ட செய்தியும் அதில் வருகிறது. கம்போச அரசவைக்கும் தில்லைக்கும் இருந்த தொடர்பைச் சொல்லும் சாட்சிகளில் ஒன்று, ஓர் இளவரசியின் தானக் கல்வெட்டு.

இனி, இவர்களைத் தேடிப்போன ஆய்வாளர்களுக்கு வருகிறேன். முன்வரிசையில் நிற்பது பி. வெங்கடராமன். 1976இல் சோழ அரசியரின் கோயிற்கலையைப் பற்றியே தனி நூல் எழுதினார். அரசர்களின் பெயரால் காலத்தைப் பிரித்தே பழகிய வரலாற்றில், அரசியரை வரிசைப்படுத்தி அவர்கள் எழுப்பிய கோயில்களை ஒவ்வொன்றாக விவரித்த நூல் அது. 1983இல் ஜார்ஜ் ஸ்பென்சர் ஒரு கட்டுரையில் அடுத்த கேள்வியைக் கேட்டார்: அரசியர் கொடுத்த கொடைகளால் அரசுக்கு என்ன லாபம்? புதிதாகப் பிடித்த நாட்டிலும் சிற்றரசர் வட்டாரத்திலும் அரச குடும்பத்தின் பெயரை மக்கள் மனத்தில் ஊன்ற அந்தக் கொடைகள் உதவின என்பது அவர் வாதம். மழவரையர் மகளார், இருங்கோளர் மகளார், பழுவேட்டரையர் மகளார் என்று கல்வெட்டுகள் தகப்பன் வீட்டை விடாமல் சொல்வதைப் பார்க்கும்போது அதில் நியாயம் தெரிகிறது. ஒவ்வொரு தேவியும் ஒரு சிற்றரசோடு போட்ட முடிச்சு. ஐரோப்பாவில் மார்கரெட்டின் திருமணங்களும் இதே கணக்கில் நடந்தவைதான். ஆனால் ஸ்பென்சரின் வழியில் முழுவதும் போனால், அரசியர் எல்லோரும் அரசரின் கையாட்கள் ஆகிவிடுவார்கள். திருக்கோடிக்காவலில் பழைய கற்களைப் படியெடுக்கச் சொன்னது எந்த அரசருக்கு லாபம்? அங்கே நான் அவரோடு ஒத்துப்போக முடியவில்லை.

2000இல் வந்த லெஸ்லி ஓரின் நூல் இன்னும் கீழே இறங்கிப் பார்க்கிறது. கனடாவின் கன்கார்டியா பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய அவர், தமிழ்நாட்டுக் கோயில்களின் தேவரடியார்களைக் கல்வெட்டு வழியாக ஆராய்ந்தார். பத்தாம் நூற்றாண்டில் அரசியர் பெயர் கொடையாளர்களாக நிறைய வருகிறது; பிற்காலத்தில் அது தேய்ந்து, கோயிலைச் சேர்ந்த பெண்களின் கொடைகள் கூடுகின்றன என்று காட்டினார். அரண்மனைப் பெண்களைத் தேடிப் போகிறவர், அரண்மனைக்கு வெளியே நின்ற பெண்களையும் கண்டுவிடுவார். தஞ்சையில் கோயில் பணிக்காக இராசராசர் குடியேற்றிய 400 தளிச்சேரிப் பெண்டுகளின் பெயரும், அவரவர் வந்த கோயிலும், தெருவும், வீட்டு வரிசையும் கல்லில் இருக்கின்றன. உலகில் வேறெங்கே ஆயிரம் ஆண்டுக்கு முந்திய சாதாரணப் பெண்கள் இத்தனை பேரின் முகவரி கிடைக்கும்?

இந்த ஆய்வு எப்படி நடக்கிறது என்பதையும் வாசகி தெரிந்துகொள்ள வேண்டும். முதலில் சுவரைத் துடைத்து, ஈரத்தாளை ஒட்டி, தட்டி, மை பூசி எடுக்கும் மைப்படி. பிறகு அதை வரி வரியாகப் படித்து அச்சேற்றுவது. தஞ்சைக் கல்வெட்டுகளைக் கல்வெட்டறிஞர் ஹுல்ச் 1890களில் அச்சிட்டார். பிறகு பெயர்களை அடைவு செய்வது. நொபொரு கராஷிமாவும் எ. சுப்பராயலுவும் மட்சுயியும் சேர்ந்து சோழர் கல்வெட்டுகளில் வரும் பெயர்களுக்கு 1978இல் ஓர் அடைவு வெளியிட்டார்கள். ஒரு பெண்ணின் பெயர் எந்தெந்தச் சுவரில் வருகிறது என்று தேட அது திறவுகோல். நமக்கு அருகில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் இருந்து சதாசிவப் பண்டாரத்தார் தமிழில் எழுதிய பிற்காலச் சோழர் சரித்திரம் இருக்கிறது. புத்தகக் கண்காட்சி நடக்கும் நாட்களில் லிக்னைட் அரங்கத்துக்குப் போகிறவர்கள் கேட்டு வாங்குங்கள். இங்கிருந்து தொடங்குகிறவருக்கு நல்ல தொடக்கம்.

ஆதாரம் எவ்வளவு மெல்லிய நூலில் தொங்குகிறது என்பதற்கு விருத்தாசலத்திலேயே சாட்சி இருக்கிறது. அந்தக் கோயிலின் கல் அர்த்தநாரீசுவரர் சிற்பம் திருடப்பட்டுக் கடல் கடந்தது. 2004இல் ஆஸ்திரேலியாவில் நியூ சவுத் வேல்ஸ் கலைக்கூடம் அதை விலைக்கு வாங்கியது. கோட்டத்தில் வேறொரு புதுச் சிலை நின்றது, கும்பிடுகிறவர்களும் கும்பிட்டுக்கொண்டிருந்தார்கள். உண்மையை வெளியே கொண்டுவந்தது புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தில் இருந்த பழைய புகைப்படம். 1970களில் யாரோ ஓர் ஆய்வாளர் பொறுமையாக ஒவ்வொரு கோட்டமாக எடுத்துவைத்த கறுப்பு வெள்ளைப் படங்கள். படத்தையும் சிலையையும் பக்கத்தில் வைத்துப் பார்த்த ஆர்வலர்கள் ஒன்றேதான் என்று நிறுவினார்கள். 2014 செப்டம்பரில் ஆஸ்திரேலியப் பிரதமர் டோனி அபாட் தில்லிக்கு வந்து அதைத் திருப்பிக் கொடுத்தார். அந்தப் படம் இல்லாவிட்டால் எந்த வாதமும் எடுபட்டிருக்காது.

அமெரிக்காவில் வாஷிங்டன் ஃப்ரீயர் கலைக்கூடத்தில் இன்னொரு செப்புத் திருமேனி இருக்கிறது. ஒரு மீட்டருக்குச் சற்று மேல் உயரம். மெலிந்த இடை, நீண்ட கைகள். 1929இல் அவர்கள் வாங்கியது. அது செம்பியன் மாதேவியாரையே தேவியின் வடிவில் வார்த்தது என்று சிலர் சொல்கிறார்கள். வெறும் பார்வதி என்று சிலர். அந்தத் திருமேனியில் எழுத்து எதுவும் இல்லை. எழுத்து இல்லாததால்தான் இத்தனை விவாதம். அவருக்கு உருவம் எடுத்தது மட்டும் பொய்யல்ல. நாகப்பட்டினம் பக்கத்தில் அவர் பெயரையே தாங்கிய செம்பியன்மாதேவி ஊரில், மருமகள்மார் அவர் பிறந்த கேட்டை நாளுக்கு அறக்கட்டளை வைத்தார்கள். அவர் மறைந்த பிறகு இராசேந்திரர் காலத்தில் அங்கே அவருடைய திருமேனி எழுந்தருளியிருந்தது. மாமியாருக்கு மருமகள்கள் பிறந்தநாள் எடுத்ததைக் கல்லில் படிக்கும்போது மனம் நிறைந்துபோகிறது.

எல்லாச் சுவருக்கும் இந்தக் கொடுப்பினை இல்லை. திருப்பணி என்ற பேரில் மணலைப் பீய்ச்சிக் கல்லைத் தேய்த்தார்கள். அரசு தடை போடுவதற்குள் எத்தனையோ எழுத்துகள் மழுங்கிவிட்டன. டைல்ஸ் ஒட்டியதில் மறைந்தவை உண்டு, எண்ணெய்ப் பூச்சில் புதைந்தவை உண்டு. மழவரையர் மகளாரைப் போல "முதலில் படித்துப் பார், பிறகு பிரி" என்று சொல்ல அங்கே ஆள் இல்லை.

இந்த இடத்தில் நம் ஊரைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். 1956இல் நிலக்கரி நிறுவனம் தொடங்கி, மறு ஆண்டு சுரங்கம் வெட்டத் தொடங்கியதிலிருந்து, பழுப்பு நிலக்கரிக்காக இடம்விட்ட ஊர்கள் பல. இன்று மாற்றுக் குடியிருப்புகளில் இருக்கும் நம் வாசகர்கள் பலருடைய குலதெய்வக் கோயில் வேறிடத்தில் எழுந்திருக்கிறது. பழைய கோயில் இருந்த மண் சுரங்கத்துக்குள் போய்விட்டது. அந்தக் கோயில்களில் ஒரு படிக்கட்டிலோ மணியிலோ குத்துவிளக்கின் அடியிலோ உபயதாரர் பெயர் இருந்திருக்கும். அதில் பெண்கள் பெயரும் இருந்திருக்கும்: நாற்று நட்டுச் சேர்த்த காசில் மணி வாங்கிக் கொடுத்தவர், மகள் நலம்பெற விளக்கு வைத்தவர். அவர்கள் அரசிகள் அல்ல. ஆனால் செம்பியன் மாதேவியாரின் திருக்கோடிக்காவல் சுவரில் திரும்ப வெட்டப்பட்ட கொடையாளர்களும் எல்லோரும் அரச குடும்பத்தார் அல்ல.

ஆகவே இந்த இதழிலிருந்து ஒரு வேலையைத் தொடங்குகிறோம். உங்கள் பழைய ஊரின் கோயில், மாதா கோயில், தர்கா, பள்ளிக்கூடம் எதுவானாலும், அதில் பெண்ணின் பெயர் பொறித்த கல், மணி, பாத்திரம், விளக்கு இருந்தால் படம் எடுத்து அனுப்புங்கள். பொருள் போய்விட்டு, பழைய புகைப்படமோ பத்திரமோ வரவுசெலவு நோட்டோ மட்டும் இருந்தால் அதையும் அனுப்புங்கள். எழுத்து தேய்ந்திருந்தால் பக்கவாட்டில் டார்ச் அடித்துப் படம் எடுங்கள்; எழுத்து எழும்பித் தெரியும். எந்த ஊர், இப்போது எங்கே இருக்கிறது, யார் சொன்னது என்ற மூன்றையும் கட்டாயம் குறியுங்கள். தெரியாததை ஊகித்து எழுத வேண்டாம். படத்தில் உள்ளவர் உயிரோடிருந்தால் அவருடைய சம்மதத்தைக் கேட்டுவிட்டு அனுப்புங்கள்.

வந்தவற்றை வரிசைப்படுத்தும் பொறுப்பை, கடிதம் எழுதிய வாசகியிடமே கேட்டிருக்கிறேன். ஒப்புக்கொண்டார். ஐரோப்பிய அரசிகளை அவர் விட்டுவிட வேண்டாம். மாந்துவாவின் கடிதங்களைப் படிக்கிற கண் விருத்தாசலத்துச் சுவரையும் கூர்மையாகப் படிக்கும். அடுத்த இதழில் அவர் இசபெல்லாவைப் பற்றி எழுதுகிறார். அதற்கடுத்த இதழில் விருத்தாசலம் கோயில் கல்வெட்டுகளைப் பற்றிய தனிக்கட்டுரை வரும். உங்கள் படங்களும் குறிப்புகளும் வரும் மாதம் 20ஆம் தேதிக்குள் எங்களுக்குக் கிடைக்க வேண்டும். அஞ்சலில் அனுப்புகிறவர்கள் மூலத்தை அனுப்ப வேண்டாம், நகல் போதும்.

அன்புடன்,
ஆசிரியர்